யார் தலையில் விடிகிறது: இடருற்ற மாணவரும் ஆசிரியரின் தர்மசங்கடமும்

தர்மசங்கடம் என்ற சொல் இன்றைய பேச்சு வழக்கில் தேய்ந்துபோய், கல்யாண வீட்டில் பேச்சுவார்த்தை இல்லாத உறவினரை எதிர்கொள்ள நேரும் கூச்சத்தைக்கூடக் குறிக்கும் அளவுக்கு வந்துவிட்டது. ஆனால் சொல்லின் உள்ளே இருக்கும் பொருள் கடுமையானது. ஒரு கடமையை நிறைவேற்றினால் அதே அளவு மெய்யான இன்னொரு கடமை முறிந்துபோகும் என்ற இடத்தில் ஒருவர் நிற்பதையே அது குறிக்கிறது. பின்னக் கணக்கு விளங்காத மாணவனுக்கு அதை எவ்வாறு விளங்கவைப்பது என்பது ஆசிரியருக்குச் சிக்கல்தான், தர்மசங்கடம் அன்று. பயிற்சியும் பொறுமையும் அதற்கு விடை சொல்லிவிடும். வேண்டியவர் வீட்டுப் பிள்ளைக்கு இரண்டு மதிப்பெண் கூட்டிப்போடத் தோன்றுவதும் தர்மசங்கடம் அன்று. அங்கே எது சரி என்பது முன்பே தெரிந்திருக்கிறது, அதைச் செய்யும் துணிவு மட்டுமே தேவைப்படுகிறது. வகுப்பைக் குலைக்கும் ஒரு மாணவனை வெளியே அனுப்பினால் அவன் கெட்டழிவான் என்பதும், உள்ளே வைத்திருந்தால் மற்ற நாற்பது பேரின் படிப்புப் பாழாகும் என்பதும் ஒருங்கே உண்மையாகிற இடத்தில்தான் ஆசிரியர் மெய்யான தர்மசங்கடத்தில் நிற்கிறார்.

இவ்வுரையில் 'இடருற்ற மாணவர்' என்பது, வீட்டிலோ தெருவிலோ உடலிலோ மனத்திலோ நேர்ந்துவிட்ட ஒரு துன்பத்தைச் சொல்லத் தெரியாமல், அதைத் தன் நடத்தையால் வெளிப்படுத்தும் பிள்ளையைக் குறிக்கும். ஆசிரியர் ஓய்வறையில் இப்பிள்ளைக்கு வேறு பெயர்கள் உண்டு: அடங்காப்பிடாரி, உருப்படாதவன், கடைசி பெஞ்சு. காலை முதல் பாடவேளையிலேயே மேசைமேல் தலைகவிழ்ந்து உறங்கும் ஒன்பதாம் வகுப்பு மாணவன், முந்தைய இரவு கேட்டரிங் வேலைக்குப் போய்ப் பந்தி பரிமாறி எச்சில் இலை எடுத்துவிட்டுப் பின்னிரவில் வீடு திரும்பியவனாக இருக்கலாம். கீழுதட்டுக்குள் புகையிலைப் பொட்டலம் ஒதுக்கிக்கொண்டு, பெயர் அழைக்கப்படும்போது வாய் திறக்காமல் கையை மட்டும் தூக்குபவன், குடித்துவிட்டு வந்து தாயை அடிக்கும் தந்தையின் மகனாக இருக்கலாம். குற்றமும் காயமும் ஒரே உடம்பில் வந்து அமர்ந்திருக்கின்றன. குற்றத்தைக் கண்டிக்கும் கை காயத்தின்மீதும் படுகிறது. காயத்தைத் தடவிக்கொடுக்கும் கை குற்றத்தையும் தட்டிக்கொடுத்ததாகிவிடுகிறது.

பழந்தமிழ்க் கல்வி மரபு இந்தத் தர்மசங்கடத்தை வாயிலிலேயே தவிர்த்துவிட்டது. பதின்மூன்றாம் நூற்றாண்டில் பவணந்தி முனிவர் இயற்றிய நன்னூலின் பொதுப்பாயிரம், நல்லாசிரியரை நிலத்துக்கும் மலைக்கும் துலாக்கோலுக்கும் மலருக்கும் ஒப்பிட்டு இலக்கணம் வகுத்த கையோடு, பாடம் சொல்லத் தகாதவர் யார் யார் என்றும் ஒரு பட்டியல் தருகிறது. கள்ளுண்பவன், சோம்பல் உடையவன், கள்வன், நோயாளி, பிணக்குக் கொள்பவன், சினம் மிக்கவன், எப்போதும் உறங்குபவன், மந்த அறிவினன், வஞ்சகன் என நீளும் அந்தப் பட்டியலை இன்றைய அரசுப் பள்ளி ஆசிரியர் எவரேனும் எடுத்துப் படித்தால், தம் வகுப்பின் பின்வரிசை முழுவதும் அதில் அடங்கியிருப்பதைக் காண்பார். ஆசிரியர் மாணவரைத் தேர்ந்தெடுத்துக்கொள்ளக்கூடிய காலத்தில் எழுந்த வரையறை அது. இன்றைய ஆசிரியருக்கு அந்த உரிமை இல்லை, இல்லாதிருப்பதே நியாயம். 2010 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருக்கும் குழந்தைகளுக்கான இலவச, கட்டாயக் கல்வி உரிமைச் சட்டத்தின் 16-ஆம் பிரிவு, சேர்க்கப்பட்ட எந்தக் குழந்தையையும் எட்டாம் வகுப்பு முடியும்வரை பள்ளியிலிருந்து வெளியேற்றக் கூடாது என்கிறது. 17-ஆம் பிரிவு, உடலை வருத்தும் தண்டனையையும் மனத்தைத் துன்புறுத்துவதையும் தடைசெய்கிறது. வாயில் திறந்துவிட்டது, பிரம்பும் கையிலிருந்து வாங்கப்பட்டுவிட்டது. பிறகு செய்ய வேண்டியது என்ன என்பதைச் சட்டம் ஆசிரியரிடமே விட்டுவிட்டது.

இந்தக் கேள்வியை வெறும் கோட்பாடாகப் பேசுவதில் பயன் குறைவு. தமிழ்ப் பிள்ளைகள் பலர் மாணவராக இருந்த, ஆசிரியர் தம் பிழைகளையும் சேர்த்துத் தாமே எழுதிவைத்த ஒரு பள்ளியை எடுத்துக்கொண்டால், தர்மசங்கடத்தின் உள்ளுறுப்புகள் தெளிவாகத் தெரியும். ஜொகனஸ்பர்க் நகரிலிருந்து 21 மைல் தொலைவில், லாலி ரயில் நிலையத்துக்கு அருகே 1910-ஆம் ஆண்டு தொடங்கப்பட்ட டால்ஸ்டாய் பண்ணையே அது. கட்டடக் கலைஞரான ஹெர்மன் காலன்பாக் தமக்குச் சொந்தமான 1,100 ஏக்கர் நிலத்தை, டிரான்ஸ்வாலின் சத்தியாக்கிரகக் கைதிகளுடைய குடும்பங்கள் வாடகையின்றித் தங்குவதற்கு அளித்தார். அந்தப் போராட்டத்தில் சிறைசென்றவர்களில் தமிழர் தொகை பெரிது. சிலர் கப்பலேற்றிச் சென்னைக்கு நாடுகடத்தப்பட்டனர், அங்கு வந்திறங்கியவர்களுக்கு ஜி. ஏ. நடேசன் உதவினார். ஆகவே பண்ணைக்கு வந்த பிள்ளைகள் பலரும் தந்தை சிறையிலோ கடலுக்கு அப்பாலோ இருக்க, நகரத் தெருக்களிலிருந்து பெயர்த்து நடப்பட்டவர்கள் என்பதை மறந்துவிட்டு அவர்களது நடத்தையைப் பேச முடியாது.

ஆசிரியர் காந்தி. காலை முழுவதும் தோட்டவேலை, சமையல், செருப்புத் தைத்தல் எனக் கழிய, பகலுணவுக்குப் பின்னரே பாடம் நடந்தது; ஆசிரியருக்கும் மாணவருக்கும் தூக்கம் கண்ணைச் சுழற்றும் வேளை அது. காந்தி கப்பற்பயணத்திலும் சிறையிலும் போப்பையரின் தமிழ்க் கையேட்டைக் கொண்டு கற்றிருந்த சிறிதளவு தமிழே பண்ணையின் தமிழ்ப் பாடத்துக்கு முதலாக இருந்தது. பிள்ளைகளோ தென்னாப்பிரிக்காவில் பிறந்து தமிழ் எழுத்தே அறியாதவர்கள், ஆனால் பேச்சில் ஆசிரியரை மிஞ்சியவர்கள். ஆங்கிலம் அறியாத தமிழர் எவரேனும் காந்தியைக் காண வந்தால், இந்த மாணவர்களே மொழிபெயர்த்தார்கள். தம் அறியாமையை மாணவரிடம் மறைக்காதிருந்ததே அவர்களது அன்பைத் தமக்குத் தேடித் தந்தது என்று அவர் எழுதியிருப்பது, ரா. வேங்கடராஜுலுவின் தமிழாக்கமாகிய சத்திய சோதனையைப் படித்த பலருக்கும் நினைவிருக்கும்.

அந்நூலில் ஓர் அடி பதிவாகியிருக்கிறது. பதினேழு வயதுள்ள, கட்டான உடலுடைய ஒரு மாணவன். பொய்யும் சண்டையும் அவனுக்கு வாடிக்கை. ஒருநாள் அவன் வரம்பு மீறி முரண்டு பிடித்தபோது காந்தி முதலில் எடுத்துச் சொல்லிப் பார்த்தார், அவன் பிடிவாதமாக நின்றதோடு ஆசிரியரையே ஏய்க்கப் பார்த்தான். பக்கத்தில் கிடந்த ரூல்தடியை எடுத்து அவன் கையில் ஓர் அடி வைத்தார். அடிக்கும்போது அவருடைய உடல் நடுங்கியது. பையன் கதறி மன்னிப்புக் கேட்டான். வலியால் அன்று, திருப்பி அடிக்கும் வலு அவனிடம் இருந்தது, ஆசிரியரை இந்த நிலைக்குத் தள்ளிவிட்டோமே என்று உணர்ந்தே அவன் அழுதான் என்று காந்தி கருதுகிறார். அதன்பின் அவன் ஒருநாளும் கீழ்ப்படியாமல் இருந்ததில்லை. நம் ஊர்ப் பெற்றோர் பள்ளியில் பிள்ளையைச் சேர்க்கும்போது, கண்ணை மட்டும் விட்டுவிட்டுத் தோலை உரித்துவிடுங்கள் என்று ஆசிரியரிடம் சொல்லும் சொல்லுக்கு இதைவிட நல்ல சான்று கிடைக்காது என்று தோன்றும். அடி பலித்துவிட்டது அல்லவா.

காந்தி அவ்வாறு கொள்ளவில்லை என்பதே இங்குக் கருதத்தக்கது. அந்த அடிக்காகப் பிற்காலத்திலும் வருந்தினார். அன்று அந்தப் பையனுக்குத் தம்முள் இருந்த மிருகத்தைத்தான் காட்டினேன் என்ற பொருளில் எழுதினார். பலித்ததா என்பதும் சரியா என்பதும் வெவ்வேறு கேள்விகள் என்பதை அவர் பிரித்தறிந்தார். அடியாத மாடு படியாது என்ற பழமொழி இந்த இரு கேள்விகளையும் ஒன்றாகக் குழைத்துவிடுவதால்தான் அதற்கு இவ்வளவு நீண்ட ஆயுள். தமிழ்நாடு கல்வி விதிகளின் 51-ஆம் விதி 2003-இல் திருத்தப்பட்டு, திருத்துவதன் பெயரால் உடலுக்கும் மனத்துக்கும் வலி தருவது இங்கே தடைசெய்யப்பட்டது; ஆயினும் அடித்து வளர்க்கப்பட்ட தலைமுறை அடிக்காமல் வளர்ப்பது எப்படி என்பதைத் தன் அனுபவத்திலிருந்து எடுத்துக்கொள்ள முடியாமல் தவிக்கிறது. இந்தத் தவிப்பு மதிக்கத்தக்கது. அதற்கு மருந்து பயிற்சியே தவிரப் பிரம்பைத் திருப்பிக் கொடுப்பது அன்று.

அடியைப் பற்றிய விவாதத்தில் பெரும்பாலும் விடுபட்டுப்போகும் கேள்வி ஒன்று உண்டு. ஆசிரியரின் ஒவ்வொரு முடிவுக்கும் ஒரு விலை இருக்கிறது. அந்த விலையை யாரோ கொடுத்தாக வேண்டும். எளிய தமிழில் கேட்பதானால், இந்த முடிவு யார் தலையில் விடிகிறது? ஆசிரியரின் சினமும் சோர்வும் அன்று அந்தப் பையனின் கையில் விடிந்தன. இந்தக் கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டு காந்தியின் ஆசிரியப் பணியில் நேர்ந்த மற்ற மூன்று நிகழ்வுகளையும் நோக்கினால், அவை ஒன்றிலிருந்து ஒன்று எவ்வளவு வேறுபடுகின்றன என்பது புலப்படும்.

முதலாவது, சேர்க்கை பற்றியது. பண்ணையில் சில சிறுவர்கள் முரடர்களாகவும் ஊர்சுற்றிகளாகவும் இருந்தனர். காந்தியின் பிள்ளைகளும் அவர்களோடு ஒன்றாகவே படித்து, உண்டு, உறங்கினர். காலன்பாக் இதை ஏற்கவில்லை. இந்தப் பழக்கத்தால் உங்கள் பிள்ளைகள் கெட்டுப்போவார்கள் என்று அவர் எச்சரித்தார். அந்த எச்சரிக்கை அற்பமானது அன்று. இன்றும் பெற்றோர்-ஆசிரியர் கழகக் கூட்டத்தில் எழும் முதற்குரல் அதுவே, அதில் தாய்தந்தையரின் நேர்மையான அச்சம் இருக்கிறது. காந்தியின் விடை என்னவெனில், இரு சாராருக்கும் தாம் ஒரே அளவில் பொறுப்பு, தாம் அழைத்ததால்தான் அவர்கள் வந்தார்கள், கையில் பணத்தைக் கொடுத்து அனுப்பினால் நேரே ஜொகனஸ்பர்க் சென்று பழைய வழியில் விழுவார்கள் என்பதாகும். பிறர் பிள்ளைகளின் தலையில் விடியக்கூடிய விலையை, முதலில் தம் பிள்ளைகளின் தலையிலும் ஏற்றுக்கொண்ட பிறகே அவர் அதைச் சொன்னார் என்பதால் அந்த விடைக்குத் தகுதி உண்டு. அரசுப் பள்ளியில் முரட்டுப் பிள்ளைகளை அரவணைக்க வேண்டும் என்று மேடையில் பேசிவிட்டுத் தம் பிள்ளையைத் தனியார் பள்ளிப் பேருந்தில் ஏற்றிவிடுபவருக்கு அந்தத் தகுதி வராது. ஆனாலும் காந்தியின் பிள்ளைகளிடம் யாரும் சம்மதம் கேட்கவில்லை என்பதையும் இங்கே குறித்தாக வேண்டும்.

இரண்டாவது நிகழ்வு இவற்றுள் மிகக் கடினமானது. தென்னாப்பிரிக்கச் சத்தியாக்கிரக வரலாற்றை எழுதிய நூலில் காந்தி அதை மறைக்காமல் தந்திருக்கிறார். பண்ணையில் சிறுவரையும் சிறுமியரையும் ஒரே ஊற்றுக்கு ஒரே வேளையில் குளிக்க அனுப்புவது அவர் செய்த சோதனை. தன்னடக்கம் பற்றி விளக்கிச் சொல்லி, ஒரு தாயின் கண்ணோடு தாமும் கவனித்துவந்தார். ஒருநாள் இளைஞன் ஒருவன் இரண்டு பெண்களைக் கேலி செய்தான் என்ற செய்தி வந்தது. விசாரித்ததில் உண்மை என்று தெரிந்தது. இளைஞர்களைக் கண்டித்தார், அது போதும் என்று அவருக்குத் தோன்றவில்லை. தீய பார்வை எதுவும் அப்பெண்கள்மேல் விழாதபடி எச்சரிக்கையாக ஏதேனும் ஓர் அடையாளம் அவர்களிடம் இருக்க வேண்டும் என்று இரவெல்லாம் உறங்காமல் எண்ணி, காலையில் அவர்களிடமே சென்று, நீண்ட கூந்தலை வெட்டிக்கொள்ளச் சம்மதிக்குமாறு கேட்டார். பெண்கள் முதலில் இணங்கவில்லை. பண்ணையின் மூத்த பெண்களாலும் அதைத் தாங்க முடியவில்லை, பிறகே வழிக்கு வந்தனர். கடைசியில் இருவரும் ஒப்புக்கொள்ள, காந்தி தம் கையாலேயே கூந்தலை வெட்டினார். அதன்பின் அங்கே அத்தகைய கேலி எழவில்லை என்றும் எழுதுகிறார்.

இந்த நிகழ்விலும் முறை பலித்துவிட்டது. ஆனால் பிழை செய்தவன் இளைஞன்; சேர்ந்து குளிக்க அனுப்பும் ஏற்பாட்டைச் செய்தவர் ஆசிரியர்; விலையைத் தம் தலையில் சுமந்தவர்கள் அந்த இரு பெண்கள். தமிழ்க் குடும்பங்களில் பெண்ணின் கூந்தலை இழப்பது எதைக் குறித்தது என்பதை அறிந்தவர்களுக்கு, அந்த மூத்த பெண்கள் ஏன் தயங்கினார்கள் என்பதை விளக்க வேண்டியதில்லை. அப்பெண்கள் சம்மதித்தார்கள் என்பது விடையாகாது; தந்தைக்கு ஒப்பான, எல்லோரும் வணங்குகிற, தங்கள் குடும்பத்துக்கே புகலிடம் தந்த ஒருவர் விடியற்காலையில் வந்து நயந்து கேட்கும்போது மறுத்து நிற்க எந்தச் சிறுமியால் முடியும்? அந்த முடிவு தவறானது. காந்தியின் நோக்கத்தின் தூய்மையை ஐயுறாமலேயே அவ்வாறு சொல்ல முடியும், சொல்லவும் வேண்டும். இத்தகைய சோதனைகளை வேறு ஆசிரியர் பின்பற்றலாகாது, பின்பற்றுபவர் பேராபத்தைத் தேடிக்கொள்வார் என்று அவரே எச்சரித்திருக்கிறார். எச்சரிக்கை மறக்கப்பட்டுவிட்டது, முறை மட்டும் வேறு வேறு உருவங்களில் வாழ்கிறது. பள்ளி வாசலில் பையன்கள் கேலி செய்தால் பெண்பிள்ளைகளை வேறு வழியாக அனுப்புவது, துப்பட்டாவை இரட்டையாக மடித்துக் குத்தச் சொல்வது, எழுதாத கடிதத்துக்காகப் பெண்ணின் தந்தையை அழைத்து எச்சரிப்பது, அவர் மறுவாரமே அவளை நிறுத்திவிட்டு மாப்பிள்ளை தேடத் தொடங்குவது ஆகிய அனைத்தும் அந்த ஊற்றங்கரையின் தொடர்ச்சியே. துன்பம் செய்தவனைத் திருத்துவது கடினம், துன்பப்பட்டவளை ஒதுக்கிவைப்பது எளிது. எளிதானதைச் செய்துவிட்டு அதற்குப் பாதுகாப்பு என்று பெயர் சூட்டும்போது ஆசிரியர் தம்மையும் அறியாமல் தீங்கின் பக்கம் சேர்ந்துவிடுகிறார்.

மூன்றாவது நிகழ்வு, 1904-இல் டர்பன் அருகே நிறுவப்பட்டிருந்த ஃபீனிக்ஸ் குடியிருப்பைச் சார்ந்தது. அங்கிருந்த இருவர் ஒழுக்கம் தவறினர் என்ற செய்தி ஜொகனஸ்பர்க்கிலிருந்த காந்தியை எட்டியது, அன்றே ரயிலேறினார். பொறுப்பில் உள்ள பிள்ளையின் வீழ்ச்சிக்குக் காப்பாளரும் ஆசிரியரும் ஓரளவேனும் பொறுப்பு என்பது வழியிலேயே அவருக்குத் தெளிவாயிற்று. கஸ்தூர்பா முன்பே எச்சரித்திருந்தார், அதைத் தாம் காதில் போட்டுக்கொள்ளவில்லை என்பதும் நினைவுக்கு வந்தது. ஏழு நாள் உண்ணாநோன்பும், நாலரை மாதம் ஒருவேளை உணவும் என்று தமக்குத் தாமே தண்டனை விதித்துக்கொண்டார். விலையைத் தாமே கொடுக்க முன்வந்த ஆசிரியரின் செயல் இது. மற்ற நிகழ்வுகளைவிட இது உயர்ந்து நிற்பதற்கும் அதுவே காரணம். எனினும் இதையும் தயக்கமின்றி ஏற்க இயலாது. தனக்காக ஆசிரியர் பட்டினி கிடக்கிறார் என்ற எண்ணம் ஒரு பிள்ளையின் நெஞ்சில் ஏற்றும் சுமை, சில வேளைகளில் பிரம்படியைவிடக் கனமானது. ஆசிரியருக்கும் மாணவருக்கும் இடையே மெய்யான அன்பு இல்லாத இடத்தில் நோன்பு தகாது, கேடும் செய்யலாம் என்று காந்தியும் வரம்பு கட்டினார். இந்த நிகழ்விலிருந்து இன்றைய ஆசிரியர் எடுத்துக்கொள்ளத்தக்கது நோன்பை அன்று. கஸ்தூர்பாவின் எச்சரிக்கை ஏன் காதில் விழவில்லை என்ற கேள்வியை.

பள்ளிகளில் அந்த எச்சரிக்கை பெரும்பாலும் வருகைப் பதிவேட்டில் எழுதப்பட்டிருக்கிறது. திங்கட்கிழமைதோறும் விழும் ஒரு சுழி, உடற்கல்விப் பாடவேளை உள்ள நாளில் மட்டும் வராத ஒரு சிறுமி, அரையாண்டுத் தேர்வுக்குப் பிறகு இடைவெளி கூடிக்கொண்டே போகும் ஒரு பெயர். நாற்பது பெயரை நான்கு நிமிடத்தில் படித்து முடிக்கும் ஆசிரியருக்கு அவை கண்ணில் படாமல் போவது இயல்பே. கண்ணில் பட்ட பிறகு பேசாமல் இருப்பதுதான் பிழை.

உக்ரைனில் பொல்தாவா நகருக்கு அருகே 1920-இல் சட்டத்தை மீறிய சிறுவர்களுக்கான குடியிருப்பை நடத்தத் தொடங்கிய அந்தோன் மகரென்கோவும் காந்தியைப் போலவே தம் மாணவன் ஒருவனை அடித்ததைத் தம் நூலில் ஒளிக்காமல் எழுதியவர். அவரைப் பொறுத்தவரை அந்த அடியைவிட முக்கியமானது அவர் வைத்த நம்பிக்கை. திருட்டுப் பழக்கமுள்ள ஒரு மாணவனை, அந்நூலில் கராபனோவ் என்ற பெயரில் வருபவனை, 500 ரூபிள் பணம் வாங்கிவரத் தனியே அனுப்பினார். கொண்டுவந்து கொடுத்ததும் எண்ணிப் பாராமல் பெட்டியில் வைத்தார். அடுத்த முறை 2,000 ரூபிள் வாங்கிவர அனுப்பினார். அவன் ஓடியிருந்தால் அதிகாரிகளிடம் கைகட்டி நின்றிருக்க வேண்டியவர் மகரென்கோ. பையனின் திருட்டுக்கான விலையைத் தம் வேலையில் பணயமாக வைத்தார் என்பதே அந்த நம்பிக்கையின் பொருள். கராபனோவ் பாத்திரத்துக்கு மூலமான செம்யோன் கலாபாலின் பிற்காலத்தில் தாமே ஆசிரியராகிச் சிறுவர் இல்லங்களை நடத்தினார்.

தமிழ்நாட்டின் இன்றைய வகுப்பறைக்குத் திரும்பினால், இந்தக் கேள்வி சாதியின் முன்னே மிகவும் கூர்மையடைகிறது. 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் பன்னிரண்டாம் வகுப்பு படித்துவந்த பட்டியல் சாதி மாணவர் ஒருவர், சக மாணவர்களின் தொல்லை தாங்காமல் பள்ளிக்குப் போகாதிருந்து, பின்னர் பள்ளியில் அதைப் புகாராகத் தெரிவித்தார். இரவில் அவர் வீட்டுக்குள் அரிவாளோடு நுழைந்து அவரை வெட்டினார்கள், தடுத்த தங்கையையும் வெட்டினார்கள். புகார் கொடுக்கச் சொல்வது ஆசிரியரின் கடமை. ஆனால் அதன் விலை, கொடுத்தவர் வீட்டு வாசலில் வந்து நின்றது. வெட்டியதாகப் பிடிபட்டவர்களும் பள்ளிப் பிள்ளைகள், சட்டத்தின் மொழியில் சட்டத்துக்கு முரண்பட்ட சிறார் என்பதால், ஆசிரியருக்கு அவர்களிடமும் ஒரு கடமை இருக்கிறது. இரு சாராருக்கும் கடமைப்பட்டவர் என்பதற்காக இருவரையும் சமமாக உட்காரவைத்துக் கைகுலுக்கச் சொல்வது நடுநிலை ஆகாது. துன்புற்றவரின் பாதுகாப்பு முதலில், துன்புறுத்தியவரின் திருத்தம் அதன்பின் என்ற வரிசை மாறினால், திருத்தத்தின் விலையும் துன்புற்றவர் தலையிலேயே விடியும்.

அந்நிகழ்வுக்குப் பின் அமைக்கப்பட்ட நீதிபதி கே. சந்துரு குழு 2024 ஜூனில் தன் அறிக்கையை அளித்தது. சாதியைக் குறிக்கும் வண்ணக் கைக்கயிறுகளைத் தடைசெய்வது, பள்ளிப் பெயர்களிலிருந்து சாதியை நீக்குவது, மாணவரை அகரவரிசையில் அமர்த்துவது ஆகியவை அதன் பரிந்துரைகளில் அடங்கும். எளியவையாகத் தோன்றும் இவற்றின் சிறப்பு, ஒரு தனி மாணவன் துணிந்து முன்வந்து புகார் சொல்ல வேண்டிய தேவையைக் குறைப்பதில் இருக்கிறது. சாயம் வெளுத்த ஒரு கயிற்றை ஒரு மாணவன் மணிக்கட்டிலிருந்து ஆசிரியர் அவிழ்க்கும்போது அந்த ஊரின் பகையை அவர் ஒருவரே எதிர்கொள்கிறார். எல்லாப் பள்ளிகளுக்குமான விதியாக அது அமையும்போது அந்தச் சுமையை அரசு பங்கிட்டுக்கொள்கிறது.

மறைபொருள் காத்தல் பற்றிய தர்மசங்கடம் இன்னொன்று. யாரிடமும் சொல்லமாட்டீர்களே டீச்சர் என்று கேட்டு வாக்கு வாங்கிக்கொண்டு, வீட்டில் நெருங்கிய உறவினர் ஒருவர் தன்னிடம் நடந்துகொள்வதை ஒரு மாணவி சொல்கிறாள். பாலியல் குற்றங்களிலிருந்து குழந்தைகளைப் பாதுகாக்கும் சட்டமாகிய 2012-ஆம் ஆண்டின் போக்சோ சட்டம், அதன் 19-ஆம் பிரிவில், இத்தகைய குற்றத்தை அறிந்த எவரும் காவல்துறைக்கோ சிறார் காவல் பிரிவுக்கோ தெரிவித்தாக வேண்டும் என்கிறது. தெரிவிக்கத் தவறினால் 21-ஆம் பிரிவின்படி தண்டனை உண்டு. ஆகவே சொல்லலாமா வேண்டாமா என்பதில் ஆசிரியருக்குத் தேர்வு இல்லை. தேர்வு இருப்பது அதற்கு முன்னால்: காக்க முடியாத வாக்கைக் கொடுக்காதிருப்பதில். உன்னைக் காப்பாற்றக் கூடியவர்களிடம் மட்டும் சொல்வேன், உன்னிடம் தெரிவித்துவிட்டே சொல்வேன், சொல்லும்போது கூடவே இருப்பேன் என்று முதலிலேயே உண்மையைச் சொல்லும் ஆசிரியரிடம் அந்தப் பிள்ளை சற்றுத் தயங்கலாம். ஆனால் இரண்டாவது முறை ஏமாற்றப்படமாட்டாள். பள்ளியின் பெயர் கெடும் என்று மூடிமறைக்கச் சொல்லும் நிர்வாகத்தின் முன் ஆசிரியருக்கு இருப்பது தர்மசங்கடமே அன்று. அது இவ்வுரையின் தொடக்கத்தில் சொல்லப்பட்ட இரண்டாம் வகை, துணிவு மட்டுமே வேண்டுவது.

இனி, எங்கும் பேசப்படாத ஒரு விலை. கல்வி உரிமைச் சட்டத்தின் வெளியேற்றத் தடை எட்டாம் வகுப்போடு முடிந்துவிடுகிறது. முரண்டும் காதலும் போதையும் வேலைச்சுமையும் பிள்ளையை வந்து சேரும் ஒன்பதாம் வகுப்பு, பத்தாம் வகுப்பில் நூறு சதவீதத் தேர்ச்சி காட்ட வேண்டும் என்ற நெருக்கடி பள்ளியை வந்து சேரும் வகுப்பாகவும் அமைந்துவிட்டது. பெற்றோரை அழைத்து, உங்கள் பையனுக்கு இந்தப் பள்ளி ஒத்துவராது என்று மென்மையாகச் சொல்லி, டி.சி. எனப்படும் மாற்றுச் சான்றிதழைப் பெற்றோரே கேட்டு வாங்கியதாக எழுதிக்கொடுப்பதற்கு அடியும் தேவையில்லை, திட்டும் தேவையில்லை. எமிஸ் எனப்படும் கல்வி மேலாண்மைத் தகவல் தொகுப்பில் அவன் பெயர் பள்ளியின் கணக்கிலிருந்து நீங்கி, எந்தப் பள்ளிக்கும் உரியதல்லாத பொதுத் தொகுப்புக்கு, ஆசிரியர்கள் வாயில் வழங்கும் பெயரால் சொன்னால் காமன் பூலுக்கு, சென்றுவிடுகிறது. பள்ளிக்குத் தேர்ச்சி விழுக்காடு கூடுகிறது. ஆசிரியருக்கு வகுப்பு அமைதியாகிறது. பையன் பழைய இரும்புக் கடையிலோ பரோட்டா மாவு பிசையும் மேடையிலோ நிற்கிறான்.

ஒருவரையும் எக்காலத்தும் மாற்றக் கூடாது என்பது இவ்வுரையின் கருத்து அன்று. பிறர் உயிருக்கும் உடலுக்கும் ஆபத்தாக நிற்கும் மாணவனை அந்த வகுப்பிலிருந்து பிரிப்பது கட்டாயமாகும் வேளைகள் உண்டு. அப்போதும் அவனைப் பிரித்த கை எங்கே கொண்டுபோய்ச் சேர்த்தது என்பதற்குப் பதில் சொல்ல வேண்டியது அந்தக் கைதான். ஆசிரியர் ஒருவரே இவ்வளவையும் சுமக்க இயலாது. பிள்ளைகளுக்கான 1098 உதவி எண்ணும், மாநிலக் கல்வி வழிகாட்டலுக்கான 14417 எண்ணும், மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகும், குழந்தைகள் நலக் குழுவும் இருப்பது அதற்காகவே. அவற்றை அழைப்பது தம் தோல்வியை ஒப்புக்கொள்வதாகும் என்ற எண்ணம் ஆசிரியர் ஓய்வறைகளிலிருந்து போக வேண்டும்.

இந்த அவையில் அமர்ந்திருக்கும் தலைமையாசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். வரும் கல்வியாண்டில் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளை ஒருவருடைய மாற்றுச் சான்றிதழ் கையெழுத்துக்காக உங்கள் மேசைக்கு வரும்போது, அந்தப் பிள்ளை அடுத்துச் சேரப்போகும் பள்ளியின் தலைமையாசிரியரைத் தொலைபேசியில் அழைத்துப் பேசிவிட்டுக் கையெழுத்திடுங்கள்; அங்கே சேர்ந்துவிட்டது என்று மறுசெய்தி வரும்வரை, உங்கள் வருகைப் பதிவேட்டில் அந்தப் பெயரைச் சிவப்பு மையால் அடிக்காதீர்கள்.